சைக்கிள் ஏறும் முன் காலை நீட்டிப் பிடிக்க வேண்டுமா?

கேள்வி இதுதான்: சுங்கை சிப்புட்டிலிருந்து ஞாயிறுதோறும் எட்டுப் பேர் பழைய சாலை வழியாகக் கோலகங்சார் வரை சைக்கிளில் போய் வருகிறார்கள். கேட்டவருக்கு 46 வயது. கிளம்பும் முன் பத்து நிமிடம் காலை நீட்டிப் பிடிக்க வேண்டும் என்கிறார் ஒரு நண்பர். அதெல்லாம் தேவையில்லை, ஏறி மிதி என்கிறார் இன்னொருவர். போன வாரம் திரும்பி வந்ததும், ரொட்டி சானாய் கடை வாசலில் இறங்கி நின்றவருக்குத் தலை சுற்றி விழப் பார்த்திருக்கிறது. மறுநாள் தொடை வலி வேறு. எது சரி, தமிழ்ப்பள்ளியில் ஓட்டப் போட்டிக்குத் தயாராகும் மகளுக்கும் இதே முறைதானா என்று கேட்கிறார்.

தம்பி, உங்கள் நண்பர்கள் இரண்டு பேருமே பாதி சரி, பாதி தப்பு. பள்ளியில் உடம்பைச் சூடாக்கும் வெதுப்பல், தசை நீட்டல், முடிவில் உடம்பை ஆற்றும் தணித்தல் என்று மூன்றையும் ஒரே மூட்டையாகக் கட்டிச் சொல்லிக்கொடுத்தார்கள். நாமும் அப்படியே பிடித்துக்கொண்டோம். மூன்றுக்கும் வேலை வேறு, நேரமும் வேறு. நான் இருபத்திரண்டு வருடம் அரசு மருத்துவமனையில் பிசியோதெரபி பிரிவில் இருந்தவன். சைக்கிளும் ஓட்டுகிறேன், உங்களைவிட மெதுவாக.

முதலில் வெதுப்பல். என் அப்பா ரப்பர் தோட்டத்தில் பால் மரம் வெட்டியவர். விடியும் முன்பே லயத்திலிருந்து கிளம்பி, ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்குப் போய்ப் பெயர் கொடுத்துவிட்டு, காண்டாக் கம்பும் வாளியுமாகத் தம் மரங்களுக்கு அரை மைல் நடப்பார். பள்ளி விடுமுறையில் பால் வடியும் மங்குகளைத் துடைக்க நானும் கூடப் போவேன். முதல் ஏழெட்டு மரங்களை அவர் வெட்டுகிற விதமே தனி. உளியைப் பட்டையில் வைத்து, ஒருமுறை அழுத்தம் பார்த்து, மெதுவாக இழுப்பார். கை விறைத்திருக்கும்போது அவசரப்பட்டால் உளி ஆழமாக இறங்கி மரம் காயப்படும், கங்காணியிடம் பேச்சு வாங்க வேண்டும். பத்தாவது மரத்துக்கு அப்புறம் பார்த்தால் கை தானாக ஓடும். மரத்துக்கு மரம் நடையும் வேகமாகிவிடும். மரத்தடியில் நின்று காலைப் பின்னால் மடக்கிப் பிடித்து அவரை நான் பார்த்ததே இல்லை. செய்யப்போகிற வேலையையே மெதுவாகத் தொடங்குவதுதான் வெதுப்பல்.

(அதற்காக அந்தக் காலத்து ஆட்களுக்கு வலியே வந்ததில்லை என்று சொல்லமாட்டேன். தாழ்வான வெட்டுக்கு நூற்றுக்கணக்கான மரங்களில் குனிந்து நிமிர்ந்தவர், ஐம்பது வயதில் இடுப்பைப் பிடித்துக்கொண்டுதான் நடந்தார். எந்த வெதுப்பலும் அதைத் தடுத்திருக்காது.)

உடம்புக்குள் நடப்பது இதுதான். சும்மா இருக்கும்போது இதயம் தள்ளும் இரத்தத்தில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்குதான் தசைகளுக்குப் போகிறது. கடுமையாக மிதிக்கும்போது அது 80 விழுக்காட்டையும் தாண்டும். அவ்வளவு பெரிய மாற்றத்துக்கு இரத்தக் குழாய்கள் திறந்துகொடுக்கச் சில நிமிடங்கள் ஆகும். தசை சூடாகும்போது இரத்தம் தன்னிடமுள்ள ஆக்சிஜனை அங்கே சுலபமாக விடும், நரம்பின் கட்டளையும் வேகமாகப் போய்ச் சேரும். ஓய்வில் தொடைத் தசையின் சூடு உடம்பின் உட்சூட்டைவிடக் கொஞ்சம் குறைவாகவே இருக்கும். பத்து நிமிடம் சுமாராக மிதித்தாலே இரண்டு மூன்று பாகை ஏறிவிடும். தைலம் தேய்த்தால் எரிவது தோல்தான், உள்ளே இருக்கும் தசைக்கு அந்தச் சூடு போவதில்லை. உங்கள் கூட்டத்திலும் கிளம்பும் முன் தைலம் தேய்க்கும் ஒருவர் இருப்பார். வாசனைக்காக வேண்டுமானால் தேய்த்துக்கொள்ளட்டும்.

இதயத்தையும் சொல்ல வேண்டும். 1973இல் அமெரிக்காவில் ஓர் ஆய்வு வந்தது. ஆரோக்கியமான ஆண்களை எந்த முன்னேற்பாடும் இல்லாமல் ஓட்ட இயந்திரத்தில் ஏற்றித் திடீரென்று கடுமையாக ஓடவிட்டார்கள். பெரும்பாலோரின் இ.சி.ஜி.யில் இதயத்துக்கு இரத்தம் போதவில்லை என்பதற்கான அடையாளம் தெரிந்தது. அதே ஆட்கள் முதலில் இரண்டு நிமிடம் மெல்ல ஓடிவிட்டு வந்தபோது அது பெரும்பாலும் காணாமல் போனது. பின்னால் வந்த ஆய்வுகளில் இவ்வளவு அழுத்தமாகத் தெரியவில்லைதான். ஆனாலும் நாற்பதைத் தாண்டியவர்கள் இதைத் தள்ளிவிடக் கூடாது, நம்மவர்கள் இன்னும் கூடாது. 2019 தேசிய சுகாதார ஆய்வின்படி மலேசிய இந்தியப் பெரியவர்களில் 31.4 விழுக்காட்டினருக்கு நீரிழிவு. எட்டுப் பேர் கொண்ட உங்கள் கூட்டத்தில் இரண்டு மூன்று பேருக்கு இருக்கலாம், அதில் ஒருவருக்கு இன்னும் தெரியாமலேகூட இருக்கலாம்.

ஞாயிறு காலை என்ன செய்வது? சின்ன கியரில் போட்டுக்கொண்டு, ஊரைத் தாண்டும் வரை பத்துப் பன்னிரண்டு நிமிடம் லேசாக மிதியுங்கள். பக்கத்தில் வருபவரோடு முழு வாக்கியமாகப் பேச முடிய வேண்டும், வேகத்துக்கு அளவு அதுதான். நிமிடத்துக்கு 80, 90 சுற்று என்று மிதி சுற்றட்டும். அப்புறம் இரண்டு மூன்று முறை, ஒவ்வொன்றும் 20 விநாடி, கொஞ்சம் அழுத்தி மிதித்துவிட்டு விடுங்கள். போதும். ஆறு மணிக்கு நம் ஊரில் இன்னும் இருட்டு, சூரியன் எழ ஏழுக்கு மேல் ஆகும். எப்படியும் அந்த நேரத்தில் வேகம் போகக் கூடாது, லோரிக்காரருக்கு உங்களைத் தெரிய வேண்டும். வெதுப்பலை அந்த இருட்டு நேரத்தில் வைத்துக்கொண்டால் இரண்டு வேலையும் ஒன்றாக முடிந்தது.

கூட்டத்தில் ஒருவர் கிளம்பிய உடனே பறப்பார், மற்றவர்கள் மானம் போகிறதே என்று பின்னால் துரத்துவார்கள். எல்லாக் கூட்டத்திலும் நடப்பதுதான். பத்து நிமிடத்துக்கு முன்னால் யாரும் முந்தக் கூடாது என்று ஒரு விதி வைத்துவிடுங்கள். மீறுபவர் அன்றைய பசியாறலுக்குக் காசு கொடுக்கட்டும்.

அதற்காக அதிகமாகவும் செய்ய வேண்டாம். 2011இல் கனடாவின் கால்கரி பல்கலைக்கழகத்தில் சுற்றுத்தடத்தில் பந்தயம் ஓட்டும் சைக்கிள் வீரர்களை வைத்துப் பார்த்தார்கள். வழக்கமான 50 நிமிட வெதுப்பலைவிட, லேசான 15 நிமிட வெதுப்பலுக்குப் பின்தான் அவர்களால் அதிக விசையோடு மிதிக்க முடிந்தது. நீளமான வெதுப்பல் களைப்பைத்தான் கொடுத்தது. நம் வெயிலுக்கு இது இன்னும் பொருந்தும். இந்தப் புழுக்கத்தில் தசையைச் சூடாக்குவது சுலபம், தணிப்பதுதான் பாடு. கிளம்பும் முன்பே சட்டை நனைந்துவிட்டால், குடித்த தண்ணீரில் பாதியைத் தெருவிலேயே விட்டுவிட்டீர்கள் என்று அர்த்தம்.

இப்போது அந்தத் தசை நீட்டல். கிளம்பும் முன் வேலியைப் பிடித்துக்கொண்டு, குதிகாலைப் பின்பக்கம் இழுத்து ஒரு நிமிடம் நிற்கிறீர்களே, அதனால் காயம் குறைகிறதா? ஆஸ்திரேலிய இராணுவத்தில் புதிதாகச் சேர்ந்த 1,538 பேரை வைத்து 12 வாரம் பார்த்தார்கள், 2000இல் முடிவு வந்தது. பயிற்சிக்கு முன் தசை நீட்டியவர்களுக்கும் நீட்டாதவர்களுக்கும் காயத்தில் சொல்லிக்கொள்ளும்படி வித்தியாசம் இல்லை. இன்னொரு பக்கம், ஒரு தசையை 60 விநாடிக்கு மேல் அசையாமல் நீட்டிப் பிடித்தால் உடனடியாக அதன் பலம் ஏறக்குறைய 5 விழுக்காடு குறைகிறது. அதற்குக் குறைவாகப் பிடித்தால் 1 விழுக்காடுதான், அது ஒரு பொருட்டில்லை. ஆக, வேண்டாம் என்கிற நண்பர் இந்த இடத்தில் சரி. ஆனால் ‘ஏறி மிதி’ என்றாரே, அங்கேதான் தப்பு.

முன்னால் நீட்டினால் உடம்புக்கு நன்றாக இருக்கிறது என்பவர்களை நான் தடுப்பதில்லை. முதலில் ஐந்து நிமிடம் மிதித்துவிட்டு, இறங்கி, ஒவ்வொரு காலுக்கும் 15 விநாடி பிடித்துவிட்டுப் போகட்டும்.

ஒரு விஷயத்தை ஒப்புக்கொள்கிறேன். பிசியோவில் வேலை பார்த்தவனே பல வருடம் முன்பு ஒரு பள்ளி விளையாட்டுப் போட்டியில் ‘அப்பாக்களுக்கான 100 மீட்டர்’ என்று கூப்பிட்டதும் எழுந்து போய்விட்டேன். இரண்டு மணி நேரம் கூடாரத்துக்குள் நாற்காலியில் உட்கார்ந்து நாசி லெமாக் சாப்பிட்டிருந்தேன். போட்டிருந்தது தோல் சப்பாத்து. கோட்டில் நின்று, ஊருக்குக் காட்டுவதற்காக இரண்டு தொடையையும் நன்றாக நீட்டிக்கொண்டேன். நாற்பதாவது மீட்டரில் பின்தொடையில் யாரோ கல்லால் அடித்த மாதிரி இருந்தது, திரும்பிப் பார்த்தால் யாரும் இல்லை. பின்தொடைத் தசை கிழிந்தவர்கள் எல்லாரும் இதையேதான் சொல்வார்கள், நானே நூறு முறை கேட்டிருக்கிறேன். ஆறு வாரம் நொண்டினேன். மருத்துவமனையில் என்னிடம் சிகிச்சைக்கு வந்தவர்களே என்னைப் பார்த்துச் சிரித்தார்கள்.

அடுத்து தொடை வலி. லாக்டிக் அமிலம் தேங்கிவிட்டது என்று யாராவது சொல்லியிருப்பார்கள். அது தேங்குவதில்லை. மிதிப்பதை நிறுத்தி ஏறக்குறைய ஒரு மணி நேரத்துக்குள் இரத்தத்திலிருந்து போய்விடும். மறுநாள் தொடங்கி இரண்டாம் மூன்றாம் நாள் உச்சத்துக்குப் போகும் வலி வேறு. பழகாத பளுவால் தசை நார்களில் ஏற்படும் நுண்ணிய சேதமும், அதை உடம்பு சரிசெய்யும் வேலையுமே அந்த வலி. தசை நீண்டுகொண்டே பளுவைத் தாங்கும்போதுதான் அது அதிகம் வரும். பத்துமலையில் 272 படி ஏறும்போது மூச்சுதான் வாங்கும். மறுநாள் கழிவறையில் உட்கார விடாமல் செய்வது இறங்கி வந்த 272 படி. சைக்கிளில் தசை பெரும்பாலும் சுருங்கியபடிதான் வேலை செய்கிறது, அதனால் இந்த வலி குறைவாகத்தான் வர வேண்டும். அப்படியும் வந்திருக்கிறதென்றால், பழகியதைவிட அன்று அதிகம் மிதித்திருக்கிறீர்கள். தசை நீட்டுவதால் இந்த வலி குறையுமா என்று பல ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்தார்கள். நூறு புள்ளி அளவுகோலில் ஒரு புள்ளி, அவ்வளவுதான். இரண்டு நாள் லேசாக நடங்கள், தானாகப் போகும். சிறுநீர் கறுப்புக் கோப்பி நிறத்தில் போனால் மட்டும் உடனே மருத்துவமனைக்குப் போங்கள், தசை அளவுக்கு மீறிச் சிதைந்ததற்கு அது அடையாளம்.

தலை சுற்றியதுதான் உங்கள் கடிதத்தில் எனக்கு முக்கியமாகப் பட்டது. தணித்தல் அதற்காகத்தான். மிதிக்கும்போது கால் தசைகள் ஒவ்வொரு சுற்றிலும் சிரைகளைப் பிழிந்து இரத்தத்தை மேலே தள்ளுகின்றன. இதயத்துக்கு அவை இரண்டாவது பம்பு. வேகமாக வந்து, கடை வாசலில் சட்டென்று இறங்கி, ஒரு காலை ஊன்றி அசையாமல் நின்றால் அந்தப் பம்பு நின்றுவிடும். காலில் இரத்தக் குழாய்கள் இன்னும் விரிந்தே இருக்கும். நம் ஊர் வெக்கையில் தோலின் குழாய்களும் விரிந்திருக்கும். இரத்தம் கீழேயே தங்கிவிடும், அழுத்தம் இறங்கும், மூளைக்குப் போதாது. கண் இருட்டுவது அதனால்தான். வியர்த்துத் தண்ணீர் குறைந்திருந்தால் இன்னும் சீக்கிரம் நடக்கும்.

திரும்பி வரும்போது கடைசி ஐந்து முதல் பத்து நிமிடம் மறுபடியும் சின்ன கியருக்கு வாருங்கள். ஊருக்குள் நுழையும் இடத்திலிருந்து பந்தயம் கூடாது, உங்கள் எட்டுப் பேரும் அங்கேதான் பந்தயம் விடுவீர்கள் என்று எனக்குத் தெரியும். இறங்கியதும் நிற்காமல் இரண்டு நிமிடம் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு நடங்கள். ஹெல்மெட்டைக் கழற்றி, தலையிலும் கழுத்திலும் தண்ணீர் ஊற்றுங்கள். அப்படியும் சுற்றினால் கௌரவம் பார்க்காமல் கடை முன் ஐந்தடி நடைபாதையில் தரையில் படுத்துக் காலைத் தூக்கி நாற்காலி மேல் வையுங்கள். நின்று சமாளிக்கப் போய்த்தான் ஆட்கள் மண்டையை உடைத்துக்கொள்கிறார்கள். தணித்தலால் மறுநாள் வலி குறையும் என்று எதிர்பார்க்காதீர்கள், அதற்குப் பெரிய ஆதாரம் இல்லை.

இன்னொன்று. நீங்கள் பிரஷர் மாத்திரை சாப்பிடுபவரா என்று எழுதவில்லை. சில மாத்திரைகள் இந்த இரத்த அழுத்த இறக்கத்தைக் கூட்டும். சில மாத்திரைகள் நாடித்துடிப்பை ஏறவிடாது, அவற்றைச் சாப்பிடுபவர்கள் கைக்கடிகாரம் காட்டும் எண்ணை நம்பக் கூடாது, மூச்சைத்தான் பார்க்க வேண்டும். இன்சுலின் அல்லது சர்க்கரை மாத்திரை எடுப்பவர் வெறும் வயிற்றில் கிளம்பினால் சர்க்கரை இறங்கியும் தலை சுற்றும். சட்டைப் பையில் இனிப்பு வைத்திருக்கட்டும். இறங்கும்போது இல்லாமல் மிதித்துக்கொண்டிருக்கும்போதே தலை சுற்றினாலோ, நெஞ்சு இறுகினாலோ, தாடை, இடது கை என்று வலி ஓடினாலோ அதற்கு இந்தப் பதில் உதவாது. மிதிப்பதை நிறுத்தி உடனே மருத்துவமனைக்குப் போங்கள். போன வாரம் நடந்தது ஒரே ஒருமுறைதான் என்றாலும், 46 வயதில் பிரஷரும் சர்க்கரையும் பார்த்துக்கொள்வது நல்லது.

அப்படியென்றால் தசை நீட்டவே வேண்டாமா? வேண்டும், ஆனால் வேறு நேரத்தில். சைக்கிள்காரர் மணிக்கணக்கில் குனிந்து, இடுப்பை மடக்கி, கழுத்தைத் தூக்கி உட்கார்ந்திருக்கிறார். வாரநாளில் அலுவலக நாற்காலியிலும் அதே மடக்கு. இடுப்பின் முன்பக்கத் தசையும் மார்பும் இறுகுவது இதனால்தான். வாரம் மூன்று மாலை, குளித்த பிறகு உடம்பு இளகியிருக்கும்போது செய்யுங்கள். நான் செய்வது இப்படி: நாற்காலி மெத்தையைக் கழற்றிக் கீழே போட்டு வலது முட்டியை அதில் ஊன்றுவேன், இடது பாதம் முன்னால். இப்போது உடம்பை முன்னால் தள்ளுவதற்கு முன், வலப் பிட்டத்தை இறுக்கி, வாலைச் சுருட்டும் நாய் போல இடுப்பெலும்பை உள்ளே சுருட்ட வேண்டும். அதைச் செய்யாவிட்டால் முதுகுதான் வளையும், தொடையில் ஒன்றும் இழுக்காது. பத்தில் ஒன்பது பேர் இந்த இடத்தில்தான் ஏமாறுகிறார்கள். சரியாகச் சுருட்டினால், அரை அங்குலம் முன்னே போனதுமே தொடையின் மேல்பக்கம் இழுக்கும். அங்கேயே 30 விநாடி, மூச்சை விட்டு விட்டு வாங்கிக்கொண்டு. பக்கத்துக்கு இரண்டு முறை. ஆட்டி ஆட்டி இழுக்க வேண்டாம்.

கெண்டைக்காலுக்குச் சுவரைத் தள்ளுவது, பின்தொடைக்குக் காலைப் படியில் வைத்து முதுகு நேராகக் குனிவது, மார்புக்குக் கதவு நிலையில் கையை வைத்துத் திரும்புவது, இவை உங்களுக்கே தெரியும். முதல் சில வாரங்களில் எட்டாத கால் விரல் எட்டும். தசை நீண்டுவிட்டது என்று நினைப்பீர்கள். பெரும்பாலும் இழுப்பைத் தாங்க நரம்பு பழகியதுதான் காரணம். பாதி வழியில் கெண்டைக்காலில் குரக்கு பிடித்தால் மட்டும் அங்கேயே இறங்கி நீட்டிப் பிடியுங்கள், அதற்கு இதைவிட வேகமான மருந்து இல்லை.

முட்டி வலி இருந்தால் நீட்டுவதற்கு முன் இருக்கையின் உயரத்தைப் பாருங்கள். மிதிகட்டை அடியில் இருக்கும்போது குதிகாலை அதன் மேல் வைத்தால் கால் நேராக வேண்டும். பிறகு பாதத்தின் முன்பகுதியை வைத்து மிதிக்கும்போது முட்டியில் சின்ன மடக்கு இருக்கும். முட்டியின் முன்பக்கம் வலித்தால் இருக்கை பெரும்பாலும் தாழ்வு, பின்பக்கம் வலித்தால் உயரம். இருக்கை தப்பாக இருந்தால் வருடம் முழுக்கத் தசை நீட்டினாலும் பலன் இல்லை.

மகளுக்கு வேறு முறை. குறுவோட்டம் சைக்கிள் மாதிரி இல்லை, முதல் அடியிலேயே முழு வேகம். திடலை இரண்டு சுற்று மெல்ல ஓடட்டும். வேலியைப் பிடித்துக்கொண்டு காலை முன்னும் பின்னும், பிறகு பக்கவாட்டிலும் பத்துப் பத்து முறை வீசட்டும். முட்டியை உயர்த்தி ஓடுவது, குதிகால் பிட்டத்தைத் தொட ஓடுவது, அப்புறம் 40 மீட்டரை அரை வேகத்தில் ஒருமுறை, முக்கால் வேகத்தில் ஒருமுறை, ஏறக்குறைய முழு வேகத்தில் ஒருமுறை. எல்லாம் இருபது நிமிடத்துக்குள் முடியும். பெயர் கூப்பிடும் வரை வெயிலில் நிற்காமல் நிழலில் நடந்துகொண்டே இருக்கட்டும். கால்பந்துக்காரர்களுக்கு ஃபிஃபா வகுத்த ‘11 பிளஸ்’ என்ற வெதுப்பல் முறையிலும் மெல்லோட்டம், ஒற்றைக்கால் சமநிலை, தொடைக்கும் வயிற்றுக்கும் பலம் கொடுக்கும் பயிற்சிகள்தான் இருக்கின்றன. அதை ஒழுங்காகச் செய்த அணிகளில் காயம் குறைந்தது என்று பல நாடுகளில் பார்த்திருக்கிறார்கள். உங்கள் பள்ளியில் பிள்ளைகளை வரிசையாக நிறுத்திப் பத்து நிமிடம் அசையாமல் கால் நீட்டச் சொல்கிறார்கள் என்றால், ஆசிரியரிடம் இதைப் பக்குவமாகச் சொல்லிப் பாருங்கள்.

அதே நாளில் அப்பாக்களுக்கான 100 மீட்டர் என்று கூப்பிட்டால், மகளோடு சேர்ந்து அந்த இருபது நிமிடத்தையும் செய்துவிட்டுக் கோட்டில் போய் நில்லுங்கள். சப்பாத்தையும் மாற்றிக்கொள்ளுங்கள். நான் இப்போதெல்லாம் முடிவுக் கோட்டில் கயிறு பிடிக்கிறேன்.